பயப்பிடாமல் வாங்கோ

நான் குடியிருக்கும் கட்டடத்தின் தெருக்கதவு யாரையும் ‘வாங்கோ’ என்று சொல்லாது. கீழே வந்து நிற்பவர் என் பெயருக்குப் பக்கத்தில் உள்ள பொத்தானை அழுத்துவார். மேலே என் வீட்டுச் சுவரில் இருக்கும் சின்னப் பெட்டி கரகரக்கும். அதற்குள்ளிருந்து ஒரு தகரக் குரல் தன் பெயரைச் சொல்லும். நான் என் பக்கத்துப் பொத்தானை அழுத்துவேன். கதவு கொர்ர் என்று உறுமித் திறந்துகொள்ளும். ஜெர்மனிக்கு வந்த புதிதில், முதன்முதலாக ஒருவர் வீட்டுக்குப் போனபோது அந்த உறுமலைக் கேட்டுப் பின்னால் போய் மழைக்குள் நின்றேன். உள்ளே வரச் சொல்லுகிறார்கள் என்று எனக்கு எப்படித் தெரியும்? எங்கள் ஊரில் வேலிக் கதவான படலையடியில் ஒருவர் வந்து நின்றால், வீட்டுக்காரர் எழுந்து வந்து வாயால் ‘வாங்கோ’ என்று சொல்ல வேண்டும். சொல்லாவிட்டால் பகை. கலியாண வீட்டில் ‘வா எண்டு ஒரு சொல்லுச் சொல்லேல்லை’ என்று பந்தியில் இருக்காமல் எழும்பிப் போன சித்தப்பா ஒருவர் உங்கள் குடும்பத்திலும் இருப்பார். பிறகு அவர் செத்தவீட்டுக்கு மட்டும்தான் வருவார். செத்தவீட்டுக்கு யாரும் வா என்று சொல்லத் தேவையில்லை.

ஆவணப்படம் எடுப்பது என் தொழில். இதை ஊரில் சொன்னால் கதாநாயகன் யார் என்று கேட்கிறார்கள். ஜெர்மனியில் சொன்னால் அதில் சாப்பாட்டுக்குக் கிடைக்குமா என்று கேட்கிறார்கள். சில வருடங்களுக்கு முன் ஒரு மாலை, கிழங்கும் வெங்காயமும் வாங்கிக்கொண்டு வீட்டுக்கு வந்தபோது, வாசல் மணிப்பலகையில் என் பெயரின் மேல் யாரோ ஒரு ஸ்டிக்கர் ஒட்டியிருந்தார்கள். ‘வீட்டுக்குப் போ’ என்று அதில் இருந்தது. நானும் வீட்டுக்குத்தான் போய்க்கொண்டிருந்தேன். மேலே ஏறி மரக்கறி வெட்டும் கத்தியை எடுத்து வந்து சுரண்டினேன். கடதாசி வந்தது, பசை வரவில்லை. அந்தப் பசையில் தெருத்தூசி ஒட்டி, இன்றைக்கும் என் பெயரைச் சுற்றி ஒரு கறுப்புச் சட்டம் இருக்கிறது. செத்தவர்களின் படத்துக்குப் போடுவது போல.

ஒட்டியவர் எதிர்க் கட்டடத்தில் இருக்கும் ஊவே என்று கண்டுபிடிக்கப் பெரிய துப்பறிதல் தேவைப்படவில்லை. அதே ஸ்டிக்கர் அவருடைய சைக்கிளிலும் இருந்தது. பஸ் திருத்தும் வேலையிலிருந்து ஓய்வு பெற்றவர். வெளிநாட்டுக்காரர் வேண்டாம் என்று கொடி பிடித்து ஊர்வலம் போகிறவர். எனக்குக் கோபம் வந்தது, அதைவிடக் கூடுதலாகப் பயம் வந்தது. ஆனால் எங்கள் தொழிலில் ஒரு பழக்கம் உண்டு. பயமுறுத்துகிற ஆளின் முன்னால் ஒரு கதிரையைப் போட்டு இருந்து, ஏன் என்று கேட்பது. கேட்டேன். என் தோழி கார்லா கமராவைத் தூக்க, அந்த மாரிகாலம் முழுவதும் ஊவே என் குசினி மேசையில் இருந்து என்னோடு கதைத்தார். நான் வைத்த தேத்தண்ணியைக் குடித்துக்கொண்டே, நான் இந்த நாட்டில் இருக்கக்கூடாது என்றார். முதல் நாட்களில் அவர் சொன்னதெல்லாம் துண்டுப்பிரசுர வசனங்கள். போகப் போகத்தான் சொந்த வாய் திறந்தது. மகள் அவரோடு கதைப்பதில்லை. வேலை செய்த இடத்தை மூடிவிட்டார்கள். தெருவில் இறங்கினால் தெரிந்த முகம் ஒன்றும் இல்லை. அதையெல்லாம் கேட்டு எனக்கு இரக்கம் வரவில்லை என்றால் பொய். ஆனால் அவர் போன பிறகு அவர் குடித்த கோப்பையை இரண்டு தரம் கழுவினேன், அதுவும் உண்மை.

கடைசி நாட்களில் ஒன்றில் அவர் திருப்பிக் கேட்டார். “உங்கள் ஊரில் நீங்கள் யாரையும் வெளியே போகச் சொன்னதில்லையா?”

கமரா ஓடிக்கொண்டிருந்தது. “சொன்னோம்,” என்றேன். “யாழ்ப்பாணத்தில் இருந்த முஸ்லிம்களை. எங்கள் மொழிதான் அவர்களுக்கும். ஒரே பகலில் அனுப்பினோம்.”

நான் எதிர்பார்த்தது ஒரு நக்கல் சிரிப்பை. ஊவே சிரிக்கவில்லை. எஞ்சினுக்குள் தலையை விடுகிறவரைப் போல மேசைக்கு மேலால் குனிந்தார்.

“ஒரே பகலிலா? எப்படிச் செய்தீர்கள்?”

“லவுட்ஸ்பீக்கரில் சொன்னோம்.”

“அவ்வளவுதானா?” என்றார். வேலை தெரிந்த ஒருவர் இன்னொரு வேலைக்காரரை மெச்சும் குரல் அது.

அவ்வளவுதான் இல்லை. துவக்கு இருந்தது. தொண்ணூறாம் ஆண்டு, தனிநாட்டுக்காகத் துவக்கு ஏந்திய இயக்கம் எடுத்த முடிவு அது. ஊரை யாரும் கேட்கவில்லை. ஊரும் வாய் திறக்கவில்லை. ஆனால் அந்த லவுட்ஸ்பீக்கர் என் அண்ணையுடையது. அதில் கேட்ட குரலும் அவருடையது. இதை நான் ஊவேக்குச் சொல்லவில்லை. கார்லாவுக்குச் சொன்னேன். அவள் கமராவைப் பெட்டிக்குள் வைத்துக்கொண்டே, “அப்படியென்றால், வதனி, அடுத்த கதிரையை அங்கேதான் போட வேண்டும்,” என்றாள். அவளுக்குச் சொல்வது சுகம். அது அவளுடைய அண்ணன் இல்லை.

அண்ணையின் பெயர் சிவநேசன். மானிப்பாயில் லவுட்ஸ்பீக்கர் வாடகைக்கு விடுகிற கடை வைத்திருந்தார். என்னைவிட மிகவும் மூத்தவர். அப்பா இல்லாத வீட்டில் எனக்கு அப்பாவும் அவர்தான். கலியாணம், சாமத்தியவீடு, திருவிழா, செத்தவீடு எதுவென்றாலும் அவருடைய வான் போய் நிற்கும். யாழ்ப்பாண நகரத்தில் முஸ்லிம் வீட்டுக் கலியாணங்களுக்கும் அவருடைய லவுட்ஸ்பீக்கர் செற்தான். பாட்டுப் போடுவது யாருக்கும் ஏலும். அண்ணையைக் கூப்பிட்டது குரலுக்காக. இப்போது வயது எழுபதை நெருங்குகிறது, முழங்கால் மடங்குவதில்லை, குரல் மட்டும் அப்படியே நிற்கிறது.

நானும் கார்லாவும் போய் இறங்கிய நேரம் தொண்டைமானாற்றுச் சந்நிதி கோயிலில் திருவிழா. கடற்கரைப் பக்கம் வரைக்கும் சனம். அறிவிப்புக் கொட்டிலுக்குள் அண்ணை மைக்கைப் பிடித்துக்கொண்டு இருந்தார். நீலச் சட்டை போட்ட ஒரு பிள்ளை தாயைத் தவறவிட்டு அவருக்குப் பக்கத்தில் நின்று விக்கிக்கொண்டிருந்தது. “நீல நிறச் சட்டை அணிந்த குழந்தை ஒன்று எம்மிடம் பாதுகாப்பாக உள்ளது. தாயார் எங்கிருந்தாலும் அறிவிப்பு நிலையத்துக்கு, பயப்பிடாமல் வாங்கோ.” இதுதான் அவருடைய முத்திரை. அறிவிப்பெல்லாம் மேடைத் தமிழில் போகும். கடைசி இரண்டு சொல் மட்டும் வீட்டுத் தமிழில் வந்து இறங்கும். அந்த இரண்டு சொல்லும் கேட்டால் காதுக்குப் பக்கத்தில் சொந்தக்காரர் ஒருவர் நின்று சொல்வதுபோல இருக்கும். சேலைத் தலைப்பைப் பிடித்துக்கொண்டு ஒரு பெண் சனத்தைத் தள்ளி விழுத்தி ஓடி வந்தாள். தமிழில் ஒரு சொல்லும் தெரியாத கார்லா காதில் ஹெட்போனோடு கண்ணை மூடிக்கொண்டு நின்றாள். “இந்தக் குரல் கூப்பிட்டால் நானும் போவேன்,” என்றாள்.

அதற்கு மறுநாள் ஹமீதா அக்காவைத் தேடி யாழ்ப்பாணம் போனோம். பள்ளிக்கூடத்து வெள்ளைச் சட்டைகளை எனக்குத் தைத்தது அவருடைய வாப்பாவின் தையல்கடை. பொம்பிளைப் பிள்ளைகளுக்கு அளவு எடுப்பது ஹமீதா அக்கா. குண்டூசியை வாயில் வைத்துக்கொண்டே பகிடி விடுவார். அவருடைய கலியாணத்துக்குப் பாட்டுப் போட்டது அண்ணை. தொண்ணூறில் புத்தளம் போய் ஓலைக் கொட்டிலில் இருந்து, பிள்ளைகளைப் பெற்று வளர்த்து, சண்டை முடிந்து நெடுங்காலத்துக்குப் பிறகு புருசனோடு திரும்பி வந்திருக்கிறார். பழைய வீட்டின் முன்னறைக்கு மட்டும் கூரை போட்டிருக்கிறார்கள். பின்னால் சுவருக்குள் வேம்பு முளைத்து நிற்கிறது. கார்லா அந்த வேம்பைப் படம் எடுக்க ஆசைப்பட்டாள். “அதை எல்லாரும்தான் எடுத்துக்கொண்டு போகினம்,” என்றார் ஹமீதா அக்கா. “என்னைக் கேக்க வந்தனீங்களோ, வேம்பைக் கேக்க வந்தனீங்களோ?”

அவரைக் கேட்டோம். அவர் கதை சொல்லும்போது அழவில்லை, குரலை உயர்த்தவுமில்லை. தையல்காரியின் கை மட்டும் மடியில் கிடந்த துணியின் ஓரத்தைத் தடவிக்கொண்டே இருந்தது.

“வேறை ஆரின்ரையும் குரல் எண்டால் நாங்கள் பயந்திருப்பம், வதனி. கதவைப் பூட்டிக்கொண்டு உள்ளுக்கு இருந்திருப்பம். நாலு பேரைக் கேட்டிருப்பம். றோட்டாலை வான் வருகுது, சிவநேசன் அண்ணையின்ரை குரல் கேக்குது. ஆரோ மௌத்தாக்கும், செத்தவீட்டு அறிவிப்பாக்கும் எண்டுதான் உம்மா சொன்னவா. அவர்ரை குரல் எண்டபடியா நம்பி மைதானத்துக்குப் போனம். போன பிறகுதான் துவக்கோடை நிண்டு சொன்னாங்கள், இனி வீடு இல்லை எண்டு.”

படத்தில் அண்ணைக்கு முன்னால் இருந்து கதைக்கச் சம்மதமா என்று கேட்டேன். மடியில் கிடந்த துணியை எடுத்து ஒருபக்கம் வைத்தார்.

“திரும்பி வரலாம் எண்டு அரசாங்கம் சொன்னது. ஆரார் வெள்ளைக்காரரெல்லாம் வந்து சொன்னவை. இந்த ஊர் ஒரு வாய் ‘வாங்கோ’ எண்டு சொன்னதோ? பக்கத்து வீட்டுக்காரி பாத்துச் சிரிக்கிறா, நல்லவ. ஆனா சொல்லேல்லை. நாங்கள் கூப்பிடாத வீட்டுக்கு வந்த விருந்தாளி மாதிரி எங்கடை வீட்டுக்குள்ளை இருக்கிறம். அவர் என்னட்டை மன்னிப்பும் கேக்க வேண்டாம், ஒண்டும் கேக்க வேண்டாம். நான் அவர் வீட்டுக்கு வாறன். அவர் வாங்கோ எண்டு சொல்லட்டும். போகச் சொன்ன வாய் தானே.”

இவ்வளவுதான் அவர் கேட்டது. எனக்கு இது பெரிய காரியமாகப் படவில்லை. அதுதான் நான் எவ்வளவு காலம் வெளியே இருந்துவிட்டேன் என்பதற்குச் சாட்சி.

அண்ணையைக் கடை முன்னறையில் இருத்திக் கமராவை வைத்தோம். கலியாண வீடியோவுக்கு வருகிறவர் போல வேட்டி கட்டி, சால்வை போட்டு, திருநீறு பூசிக்கொண்டு வந்து இருந்தார். எங்கள் ஊரில் கமரா என்றால் சடங்கு. சிவப்பு விளக்கு எரிந்ததும் குரல் மாறியது. “அக்காலகட்டத்திலே எமது மக்கள் எதிர்கொண்ட நெருக்கடிகளின் மத்தியிலே, சில தவிர்க்கமுடியாத தீர்மானங்கள்...” ஊவேயின் துண்டுப்பிரசுரம் ஞாபகம் வந்தது. எல்லா ஊரிலும் பயந்த மனிதர்கள் ஒரே மேடையில்தான் ஏறி நிற்கிறார்கள் போல.

“அண்ணை,” என்றேன், “சனத்துக்குச் சொல்லாதேங்கோ. என்னோடை கதையுங்கோ.”

“உன்னோடைதானே கதைக்கிறன்.”

“அண்டைக்கு, தொண்ணூறிலை, அந்த அறிவிப்பை விருப்பமில்லாமலோ வாசிச்சனீங்கள்?”

அவர் சால்வையைச் சரிசெய்தார். என்னைப் பார்க்காமல் கமராவுக்குப் பின்னால் இருந்த சுவரைப் பார்த்தார். “நீ அந்த வெள்ளையனோடை எடுத்த படத்தை போனிலை பாத்தனான். அவனிட்டைக் கேட்ட மாதிரியேதான் என்னட்டையும் கேக்கிறாய். அதே முகம். நானும் அவனும் ஒண்டோ?”

ஒன்றில்லை என்று சொல்லத்தான் ஆசை. என் கைச்செலவுக்கும் படிப்புக்கும் வயர் சுற்றின கை அது. கார்லா, என்ன சொல்கிறார் என்று கண்ணால் கேட்டாள். பிறகு என்று தலையாட்டிவிட்டு, ஹமீதா அக்கா கேட்டதை மட்டும் அண்ணைக்குச் சொன்னேன். தையல்கடைக்காரரின் மகளா என்று அவர் ஒருமுறை கேட்டார். பிறகு எழும்பி, கமரா ஓடுகிறதென்ற எண்ணமே இல்லாமல், சட்டகத்துக்கு வெளியே போய் நின்றுகொண்டு சொன்னார்: “வரச் சொல்லு. நான் முறையாக் கூப்பிடுறன்.”

அந்த ‘முறையாக’ என்ற சொல்லை நான் கவனிக்கவில்லை. கவனித்திருந்தாலும் விளங்கியிருக்குமோ தெரியாது.

ஹமீதா அக்கா வரவிருந்த நாள் காலை, அண்ணை முற்றத்து மாமரத்தில் ஏணியைச் சாய்த்து யாரையோ கொண்டு வயர் இழுப்பித்துக்கொண்டிருந்தார். அவர் எப்போதும் வயரும் கையுமாகத்தான் இருப்பார். ஏதோ கோயில் வேலையாக்கும் என்று நினைத்தேன். பின்னேரம் கார்லா படலைக்கு உட்பக்கம் கமராவை நிறுத்தினாள். நான் படலையைத் திறந்து வெளியே போய் வீட்டு முன் ஒழுங்கையில் நின்றேன். ஓட்டோ வந்தது. ஹமீதா அக்கா நல்ல ஊதாச் சேலை உடுத்து, முக்காடு போட்டு, கையில் ஒரு இனிப்புப் பார்சலோடு இறங்கினார். வட்டிலப்பம். “வெறுங்கையோடை வரப்பிடாது தானே,” என்று என் கையில் தந்தார். சிரித்தார். குண்டூசியை வாயில் வைத்திருந்த காலத்துச் சிரிப்பு. உள்ளே பார்த்தார். விறாந்தையில் யாரும் இல்லை. அண்ணை ஏன் இன்னும் வரவில்லை என்று நானும் எட்டிப் பார்த்தேன்.

மாமரத்தில் கட்டியிருந்த லவுட்ஸ்பீக்கர்க் கூம்பு கரகரத்தது.

“மதிப்புக்குரிய ஊர்மக்கள் அனைவருக்கும் வணக்கம்.” ஒழுங்கை முழுவதும் அதிர்ந்தது. எதிர் வீட்டு நாய் குரைத்தது. “எமது இல்லத்துக்கு இன்று வருகை தரும் அன்புச் சகோதரி ஹமீதா அவர்களை, எமது ஊரின் சார்பிலே...”

எனக்கு அந்த நொடியிலேயே விளங்கிவிட்டது. ஊருக்குக் கேட்கச் சொன்னதை ஊருக்குக் கேட்கத்தான் திருப்பிச் சொல்ல வேண்டும். மூடின அறைக்குள் முணுமுணுப்பது கோழை வேலை. ஒரு அறிவிப்பாளரின் நியாயம் அது. யோசித்துப் பார்த்தால் பிழையான நியாயமும் இல்லை. அவர் பயந்து ஒளியவில்லை, தன்னால் இயன்றதிலேயே பெரியதைச் செய்துகொண்டிருந்தார். ஆனால் நான் பார்த்துக்கொண்டிருந்தது ஹமீதா அக்காவின் முகத்தை. கூம்பு கரகரத்தபோதே அதில் இருந்த சிரிப்புப் போய்விட்டது. இரண்டு கையும் காதுக்குப் போயின. காதுத் தோட்டை மூடிக்கொண்டு நின்றார். ஏன் என்று அப்போது கேட்க எனக்குத் தோன்றவில்லை.

“...தயக்கமின்றி எமது இல்லத்துக்குள், பயப்பிடாமல் வாங்கோ.”

அவர் திரும்பினார். ஓட்டோக்காரர் இன்னும் சில்லறை தேடிக்கொண்டிருந்தார். “தம்பி, ஓட்டோவை எடுங்கோ. கெதியா எடுங்கோ,” என்று ஹமீதா அக்கா ஏறினார். நான் “அக்கா, அக்கா” என்றபடி பின்னால் ஓடினேன்; கையில் வட்டிலப்பம். ஓட்டோ மதில் முடக்கில் திரும்பி மறைந்தது. அண்ணை நிறுத்தவில்லை. உள்ளறையில், அம்பிளிஃபயருக்கு முன்னால், படலைக்கு முதுகு காட்டி இருந்து கூப்பிட்டுக்கொண்டிருந்தார். “பயப்பிடாமல் வாங்கோ.” வெறும் ஒழுங்கையில் நானும் ஓட்டோ விட்ட புகையும் நின்றோம். பக்கத்து வீட்டுக்காரி மதிலுக்கு மேலால் தலையை நீட்டி, “ஆர் பிள்ளை மோசம் போனது? செத்தவீடு எங்கை?” என்று கேட்டாள்.

நான் உள்ளே போய் அம்பிளிஃபயர் ஆழியை அமத்தி நிறுத்தினேன். மைக்கைக் கையில் வைத்தபடி அண்ணை திரும்பிப் பார்த்தார். முகம் வியர்த்து, நல்ல காரியம் செய்த சந்தோசத்தில் மினுங்கியது.

“வந்தவவோ?” என்று கேட்டார்.

மறுநாள் ஹமீதா அக்கா வீட்டுக்குத் தனியாகப் போனேன். கமரா இல்லை. படலையடியில் நின்றேன். எழும்பி வந்து “வாங்கோ” என்று சொல்லித்தான் உள்ளே கூட்டிக்கொண்டு போனார். அதைக் கேட்டதும் எனக்கு அழுகை வந்துவிட்டது.

“அண்டைக்கும் உதைத்தான் சொன்னவர்,” என்றார். “எல்லாரும் மைதானத்துக்கு வரவேணும் எண்டு சொல்லிப்போட்டு, கடைசியிலை, ‘பயப்பிடாமல் வாங்கோ’. உதே சொல்லு, உதே கரகரப்பு. மைதானத்திலை வைச்சு என்ரை காதுத் தோட்டைக் கழட்டினவங்கள். நேற்றுக் கை தன்பாட்டிலை காதுக்குப் போட்டுது.”

“அவர் உண்மையாத்தான் கூப்பிட்டவர், அக்கா.”

“ஓம், தெரியும். நான் விசரியில்லை.” துணியின் ஓரத்தை மடித்து மடித்து விரித்தார். “வாங்கோ எண்டு சொல்லுறவர் படலையடிக்கு வரோணும், வதனி. அண்டைக்கு அவர் வானுக்குள்ளை இருந்தவர். நேற்று வீட்டுக்குள்ளை இருந்தவர். இவ்வளவு காலத்திலை அவர்ரை முகத்தை நான் இன்னும் காணேல்லை.”

இன்னொரு தரம் வருவீர்களா என்று கேட்க எனக்குத் துணிவில்லை. படத்தில் என்ன செய்யலாம் என்று மட்டும் கேட்டேன். “என்ரை முகத்தைப் போடாதேங்கோ. திரும்பிப் போற ஓட்டோவைப் போடுங்கோ,” என்றார்.

வீட்டுக்கு வந்தபோது அண்ணை சாரத்தோடு விறாந்தையில் இருந்து வயர் சுற்றிக்கொண்டிருந்தார். கார்லா உள்ளே தன் பெட்டிகளை அடுக்கிக்கொண்டிருந்தாள். அவர் பக்கத்தில் நிலத்தில் இருந்து, இந்தத் தரம் கதிரை போடாமல் கேட்டேன்.

“இயக்கம் வாசிக்கத் தந்த பேப்பரிலை ‘பயப்பிடாமல் வாங்கோ’ எண்டு இருந்ததோ அண்ணை?”

வயர் சுற்றிய கை நின்றது. “இல்லை. அது நான் சேத்தது.”

“ஏன்?”

“சனம் கலவரப்படக் கூடாதெண்டு. வயசு போனதுகள், குழந்தைகள்... ஒரு ஒழுங்கு வேணும் தானே.” வயரின் முனையைத் தேடி எடுத்துக்கொண்டு, “எல்லாரும் ஒழுங்கா வந்தவை. ஒரு சண்டை சத்தம் இல்லை,” என்றார்.

அதைச் சொன்னபோது அவர் குரலில் ஒரு சின்னப் பெருமை எட்டிப் பார்த்தது. ‘அவ்வளவுதானா?’ என்று கேட்ட ஊவேயின் முகம் எனக்கு முன்னால் வந்தது. அண்ணைக்கும் அந்தப் பெருமை கேட்டிருக்க வேண்டும். தன் குரலைத் தானே கேட்டுப் பழகிய மனுசன். அப்படியே தலையைக் குனிந்துகொண்டார்.

“அண்டைக்கு எனக்குச் சரி எண்டுதான் பட்டது பிள்ளை. ஆரும் துவக்கை நெத்தியிலை வைக்கேல்லை. இண்டைக்குப் பிழை எண்டு தெரியும். ஆனா அண்டைக்குச் சரி எண்டு பட்டதே, அதை நான் எங்கை கொண்டு போய் வைக்கிறது?”

“ஹமீதா அக்காவின்ரை வீட்டுக்கு ஒருக்கா வாங்கோவன். படலையடியிலை நிண்டு...”

“மைக் இல்லாமல் எனக்கு அதைச் சொல்ல வராது,” என்றார். திரும்பவும் வயர் சுற்றத் தொடங்கினார். இது எதுவும் கமராவில் இல்லை. இதை எழுதப் போகிறேன் என்று பிறகு தொலைபேசியில் சொன்னபோது, “எழுது” என்றார். அவ்வளவுதான்.

வட்டிலப்பப் பார்சலைக் குளிர்சாதனப் பெட்டியில் வைத்திருந்தேன். ஜெர்மனிக்கு வெளிக்கிடுகிற அன்றும் அது கட்டுப் பிரிக்காமல் அப்படியே இருந்தது. “போட்டு வாறன் அண்ணை,” என்று முற்றத்தில் நின்று சொன்னேன். “ஓம்,” என்று உள்ளேயிருந்து கேட்டது. எங்கள் வீட்டில் பயணம் போகிற ஆளைப் படலை வரைக்கும் வந்து அனுப்பாமல் விட்டது அதுதான் முதல் தரம்.

இப்போது படம் வெட்டித் தொகுக்கும் மேசையில் கிடக்கிறது. முதல் வரைவைப் பார்த்த ஜெர்மன்காரர் சிலர், மாமரத்துக் கூம்பு கேட்கும் இடத்தில் கண் கலங்கினார்கள். ‘பயப்படாமல் வாருங்கள்’ என்று அடியில் ஜெர்மன் எழுத்து ஓடுகிறது. என்ன அழகான வரவேற்பு, அந்தப் பெண் ஏன் போகிறாள், மனம் இரங்க மாட்டாளா என்று கேட்டார்கள். ஒருவர் மட்டும் மற்றப் பக்கமாக, உன் அண்ணன் அவளை வேண்டுமென்றே துரத்தினாரா என்றார். இரண்டுக்கும் நான் விளக்கம் சொல்லிக் களைத்துவிட்டேன். எங்கள் ஆட்களுக்குக் காட்டினால் என்ன சொல்வார்கள் என்று எனக்குத் தெரியும். வெள்ளையனுக்கு எங்கடை ஊத்தையைக் காட்டுறாள் என்பார்கள். ஊர் வாயை மூட உலைமூடி இல்லை. ஆனால் உங்களில் யாருக்காவது ஒரு ஹமீதா அக்கா இருந்தால், படலையடிக்குப் போங்கள். நடந்து போங்கள்.

போன கிழமை ஒரு மத்தியானம் சுவரில் இருக்கும் பெட்டி கரகரத்தது. “ஊவே. மேலே வரலாமா?” புதுப்படம் எடுத்திருக்கிறேன் என்று கேள்விப்பட்டிருக்கிறார், ஒரே பகலில் செய்த கதையைப் பார்க்க வேண்டுமாம். என் விரல் பொத்தானுக்குப் போய் நின்றுவிட்டது. அந்தக் கரகரப்பை இனி என்னால் சும்மா கேட்க முடியாது. செருப்பைப் போட்டுக்கொண்டு படியால் இறங்கி, தெருக்கதவைத் திறந்துகொண்டு வாசலில் போய் நின்றேன்.

“மணி பழுதா?” என்று கேட்டார்.

“இல்லை,” என்றேன்.

அவர் தெருவில், நான் படியில். என் பெயரின் கறுப்புச் சட்டம் எங்கள் இரண்டு பேருக்கும் நடுவில். அவர் மனத்தில் இந்தத் தெருவும் இந்தப் படியும் அவருடையவை. யாரையாவது வா என்றோ போ என்றோ சொல்ல வேண்டியவர் அவர்தான். நான் வீட்டுக்காரியாக வந்து நிற்பது அவருக்கு விளங்கவே இல்லை. எனக்கும் முழுதாக விளங்கியதென்று சொல்ல மாட்டேன். ‘வாங்கோ’ என்ற அந்தச் சொல்லைச் சொல்லத்தானே இறங்கி வந்தேன் என்று வாயைத் திறந்தேன். அது தமிழில் வந்து நாக்கில் நின்றது. அதற்கு முன்னால் ‘பயப்பிடாமல்’ என்று நான் அழைக்காத இன்னொரு சொல்லும் வந்து ஒட்டிக்கொண்டு நின்றது, அண்ணையின் குரலிலேயே. வாயை மூடிக்கொண்டேன். இந்த நாட்டுக் கதவுகள் தன்பாட்டில் மூடுகிறவை. பிடித்திராவிட்டால் வெளியே நிற்க வேண்டியதுதான். கதவு முதுகில் தள்ளத் தள்ள, அதைத் தோளால் தாங்கிக்கொண்டு, நான் உள்ளேயும் இல்லாமல் வெளியேயும் இல்லாமல் நின்றேன். ஊவே காத்துக்கொண்டு நின்றார்.